ஞானத்தகப்பன் சேர்த்த சுருள்

செனியோ பால்மாரெஸ் இருபத்தாறு படம் எடுத்தவன். அதில் இருபத்தைந்து முதலாளிக்காக எடுத்தவை. ஒன்றே ஒன்றுதான் அவனுக்காக எடுத்தது. அந்த ஒன்றை அவன் எடுத்தபடியே, ஒரு அடி கூடாமல் குறையாமல், ஜனங்கள் உட்கார்ந்து பார்க்க வேண்டும். வாழ்க்கையில் வேறு எதையும் அவன் பிடிவாதமாகக் கேட்டதில்லை. அவன் மானாங் என்று கூப்பிடும் அக்கா மேதிங்குக்கு இது தெரியும். அவனை மணிலாவுக்கு வரவழைத்தவளே அவள்தான்.

மேதிங் அப்போது அமாதோ லக்சமானாவின் படக் கம்பெனியில், உடுப்பு அறையில் தையல் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். சொந்த ஊரான சான் இசித்ரோவில் ஆறாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு, இலோய்லோ துறைமுகத்தில் கப்பல் ஏறி வந்தவள். தோத்தோ என்று அவள் கூப்பிடும் தம்பி பள்ளியை முடித்ததும் அமாதோவிடம் போய் நின்றாள்.

"பாஸ், என் தம்பிக்கு ஞாபகசக்தி அதிகம். ஏதாவது ஒரு வேலை குடுங்க."

"ஞாபகசக்திக்கு இங்க என்ன வேலை மேதிங்? நேத்து எடுத்ததை இன்னிக்கு மறந்தாதான் இந்தத் தொழில்ல பொழைக்க முடியும்," என்று அமாதோ சிரித்தார். ஆனாலும் சேர்த்துக்கொண்டார்.

செனியோ முதலில் கிளாப் பலகை பிடித்தான். பிறகு முந்தின ஷாட்டில் சிகரெட் எந்தக் கையில் இருந்தது, சட்டையில் எந்தப் பொத்தான் திறந்திருந்தது என்று பார்த்துச் சொல்லும் வேலை. அதில் அவன் ஒரு தடவைகூடத் தப்பியதில்லை. பிறகு உதவி இயக்குநர். கம்பெனியில் அப்போது படப்பிடிப்பில் சத்தம் பதிவதில்லை, பேச்செல்லாம் பின்னால் சேர்ப்பதுதான். அதனால் வசனம் மனப்பாடம் ஆகாத நடிகர்கள் கேமரா முன்னால் "ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு" என்று முகத்தைச் சோகமாக வைத்துக்கொண்டு எண்ணுவார்கள். யாரும் கண்டுகொள்வதில்லை. செனியோ மட்டும் விடமாட்டான். கவிழ்த்த வாளியில் உட்கார்ந்து, அன்றைய வசனத்தை அன்று காலையிலேயே எழுதி, நடிகையின் பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுப்பான்.

"எண்ணினா என்ன திரெக், உதடு அசையுதுல்ல?" என்று கேட்டாள் ஒருத்தி.

"உதடு அசையுது. கண்ணுலயும் நாலுன்னுதான் தெரியுது," என்றான் செனியோ.

இயக்குநரையும் உதவி இயக்குநரையும் அங்கே யாரும் பேர் சொல்லிக் கூப்பிடமாட்டார்கள். திரெக்தான். செனியோ தானே இயக்கிய முதல் படம் வெளியான வாரமே சந்தையில் கறிக்காரன் மேதிங்கை நிறுத்தி, "திரெக்குக்கு ஈரல் எடுத்து வச்சிருக்கேன்," என்றான். அவளுக்கு அன்று வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் தரையில் கால் பாவவில்லை.

அந்த முதல் படம் துப்பாக்கிப் படம். அடுத்ததும் அப்படித்தான். அதற்கடுத்தது பேய்ப் படம். கதாநாயகன் மதியத்துக்கு மேல் வருவான். இரண்டு மணி நேரத்தில் இன்னொரு கம்பெனி வண்டி வந்து அவனை அள்ளிக்கொண்டு போகும். அவன் போன பிறகு அவனுடைய சட்டையை வேறொருவனுக்குப் போட்டு முதுகைக் காட்டி மிச்சத்தை முடிப்பார்கள். இப்படிப்பட்ட படங்களிலும் செனியோ ஏதாவது ஓர் இடத்தில் தன் கைவண்ணத்தைக் காட்டியிருப்பான். பேய்ப் படத்தில், பிள்ளையைப் பறிகொடுத்த தாய் அடுப்பை ஊதுகிற இடம். இன்னொன்றில், சுடப்போகிறவன் தன் செருப்பு வாரைச் சரிசெய்துகொள்கிற இடம். மேதிங் ஒவ்வொரு படத்தையும் கொட்டகையில் போய்ப் பார்த்து அந்த இடத்தைத் தேடிக் கண்டுபிடித்துவிடுவாள். பக்கத்தில் இருப்பவரைத் தொட்டு, "இது என் தம்பி," என்பாள்.

அமாதோவுக்கும் செனியோவுக்கும் வாய்ப்பேச்சாக ஓர் ஒப்பந்தம் இருந்தது. மூன்று படம் அமாதோவுக்கு, நாலாவது செனியோவுக்கு. மூன்று ஆறாகி ஒன்பதானது. அமாதோ மோசமான ஆள் இல்லை. கம்பெனிக்காரர்கள் வீட்டு இழவுக்கெல்லாம் முதல் ஆளாக வந்து விடிய விடிய உட்கார்ந்திருப்பார். வெள்ளம் வந்தபோது மேதிங்கின் சந்துக்குள் இடுப்பளவு தண்ணீரில் அரிசி மூட்டையோடு நடந்து வந்தவர். அவரைக் குறை சொல்ல யாருக்கும் வாய் வராது.

செனியோவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. கிளாரிசா என்று பேர் வைத்தார்கள். ஞானஸ்நானத்துக்கு அமாதோவை ஞானத்தகப்பனாகக் கேட்கப்போவதாகச் செனியோ சொன்னபோது, மேதிங் குழந்தையின் வெள்ளைக் கவுனுக்கு ஓரம் தைத்துக்கொண்டிருந்தாள். ஊசியை நிறுத்தினாள்.

"சம்பளம் குடுக்கிற ஆளைப் போய் ஏன் தோத்தோ கேக்குற?"

"ஏன் மானாங், நல்ல மனுஷன்தானே?"

"நல்ல மனுஷன்தான். நாளைக்கு அவர்மேல ஒரு கோபம்னா உன்னால கோபப்பட முடியாது. சபை நடுவுல நிக்கவச்சு உறவாக்கிட்டா அப்புறம் வாயைத் தைச்சுக்க வேண்டியதுதான்."

"அவருக்கும் அதேதானே? என் பொண்ணைக் கையில ஏந்தி நின்னுட்டு, என்னை எப்படி ஏமாத்துவாரு? கோபமே வரக் கூடாதுன்னுதான் கேக்கிறேன்."

செனியோவின் மனைவி ஃபெலி அடுக்களையிலிருந்தே சொன்னாள்: "மானாங்குக்கு எதுலதான் சந்தேகம் இல்ல? பாதிரியார் ஊத்துற தண்ணியையும் கொதிக்கவச்சாங்களான்னு கேப்பாங்க."

அமாதோ சந்தோஷமாக ஒத்துக்கொண்டார். கோவிலில் குழந்தையைத் தன் தலைக்குமேல் தூக்கிக் காட்டினார். முழுப் பன்றி ஒன்றை வாட்டி அனுப்பினார். அன்றிலிருந்து இருவரும் ஒருவரையொருவர் ஞான உறவு முறையில் 'பாரே' என்றுதான் கூப்பிட்டுக்கொண்டார்கள். ஆனால் செனியோ வாயில் பாரேயோடு 'நீங்க'வும் சேர்ந்தே வந்தது. அமாதோ அதைத் திருத்தவும் இல்லை.

ஒரு விஷயத்தில் செனியோவின் கணக்கு பலித்தது. அடுத்த மாதமே அமாதோ, "சரி பாரே. உன் படத்தை எடு," என்றார்.

அந்தப் படத்தின் பேர் 'ஆலை ஓய்ந்த மாதம்'. செனியோ அதைச் சான் இசித்ரோவிலேயே எடுத்தான். நெக்ரோஸ் தீவுக்குக் கரும்பு வெட்டப் போகும் ஒருவன், ஆலை ஓய்ந்ததும் எல்லோரும் திரும்பிவிட்ட பிறகு வெகுநாள் கழித்து வருகிறான். ஏன் தாமதம் என்று ஊருக்கே தெரியும். அங்கே இன்னொருத்தி இருக்கிறாள். மனைவி அவனைக் கிணற்றடியில் உட்காரவைத்து, முதுகில் தண்ணீர் ஊற்றித் தேய்த்துவிடுகிறாள். ஒரு வார்த்தை கேட்பதில்லை. அவ்வளவுதான் கதை. ஊரில் யாரிடமும் அது யார் கதை என்று சொல்ல வேண்டியிருக்கவில்லை. மேதிங்குக்கும் செனியோவுக்கும் அப்பா அப்படித்தான் ஒரு வருஷம் வந்தார். அம்மா சலூத் அப்படித்தான் தண்ணீர் ஊற்றினாள். பிள்ளைகள் இருவரும் வாழைமரத்துக்குப் பின்னால் நின்று பார்த்தார்கள்.

அம்மாவிடம் செனியோ முன்கூட்டியே கேட்டான். அவள், "அப்பாவை ரொம்பக் கெட்டவனாக் காட்டாதே," என்றாள். பிறகு படப்பிடிப்பு நடந்த நாளெல்லாம் குடையும் கையுமாக வந்து ஓரமாக உட்கார்ந்துகொண்டாள். மனைவியாக நடித்த மிர்னா சல்தானா முதல் ஒத்திகையில் தண்ணீர் ஊற்றியதைப் பார்த்ததும் அவளால் சும்மா இருக்க முடியவில்லை.

"என்ன பொண்ணே, செடிக்கு ஊத்துற மாதிரி ஊத்துற? அது மாசக்கணக்கா வெயில்ல வெந்த முதுகு."

"அப்போ எப்படி ஊத்தணும்மா?"

"மொதல்ல தண்ணியைக் கையில தொட்டுப் பாரு. உனக்குக் கோபம் இருக்குல்ல? அந்தக் கோபம் தண்ணியில தெரிஞ்சிடக் கூடாதுன்னு பாத்துப் பாத்து ஊத்து."

மிர்னா அப்படியே செய்தாள். ஒரே தடவையில் முடிந்தது. கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, புகை என்றார். அங்கே எங்கும் புகை இல்லை.

தண்ணீர்க் காட்சி என்றால் உடுப்பு இரண்டு ஜோடி தயாராக இருக்க வேண்டும். ஒன்று நனைந்துவிட்டால் மறு தடவைக்கு இன்னொன்று. இடுப்பில் சுற்றிக் கட்டும் கட்டம் போட்ட பதாத்யோங், அதே தறிக்காரியிடம் வாங்கியது, இரண்டு. அம்மாவின் பழைய ரவிக்கையைப் பார்த்து, வலது கையில் ஒட்டுப் போட்டுத் தைத்த ரவிக்கை இரண்டு. இரண்டாவது ஜோடி நனையவே இல்லை. மேதிங் அதை மடித்துப் பெட்டியில் வைத்து மணிலாவுக்குத் திருப்பி அனுப்பினாள்.

படம் தணிக்கையில் ஒரு வெட்டும் இல்லாமல் வந்தது. மணிலாவில் இரண்டு நாள்கூடக் கொட்டகையில் நிற்கவில்லை. மழை வேறு. கடைசிக் காட்சிக்கு மேதிங் போனபோது ஒதுங்க வந்தவர்கள்தான் இருந்தார்கள். இரண்டு பத்திரிகைகளில் நல்லபடியாக எழுதியிருந்தார்கள். செனியோ அவற்றை அமாதோவிடம் கொண்டுபோய்க் காட்டினான். அவர் நஷ்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

"விடு பாரே. மாகாணத்துல பாத்துக்கலாம்," என்று தோளைத் தட்டினார்.

செனியோ அதை ஆறுதல் என்று எடுத்துக்கொண்டான்.

மே மாதம் சான் இசித்ரோ திருவிழா. ஊர்க் கொட்டகையில் படம் போடுகிறார்கள் என்று தெரிந்ததும் செனியோ குடும்பத்தோடு கப்பல் ஏறினான். மேதிங்கும் போனாள். மேயர் வந்தார், பள்ளிக்கூட வாத்தியார்கள் வந்தார்கள். மாடி வரிசையில் முதல் நாற்காலி அம்மாவுக்கு. அவள் ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்குப் போடும் உடுப்பில், கைப்பையை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தாள். கீழே பெஞ்சுகளில் பக்கத்து ஊர்ப் பையன்கள் நெருக்கியடித்துக்கொண்டிருந்தார்கள். இவ்வளவு கூட்டமா என்று செனியோ மேதிங்கைப் பார்த்துச் சிரித்தான். அவன் முகத்தில் அப்படி ஒரு சிரிப்பை அவள் அதற்குப் பிறகு பார்க்கவில்லை.

கிணற்றடி வந்தது. மிர்னா தண்ணீரைத் தொட்டுப் பார்த்தாள். ஊற்றினாள். ஊர்க்காரர்கள் மூச்சு விடாமல் பார்த்தார்கள். அவள் கை முதுகில் பாதி இறங்குகையில் திரை ஒரு தடவை துள்ளியது. வேறு ஏதோ வீடு. மஞ்சளாக ஒரு வெளிச்சம். ஒரு பெண், கழுத்துக்குக் கீழே மட்டும். கட்டம் போட்ட பதாத்யோங் அவிழ்ந்து விழுந்தது. ரவிக்கையைக் கழற்றுகிற கையில், வலது பக்கம், ஒட்டுப் போட்டிருந்தது. பிறகு ஓர் ஆள் வந்தான். அவனுக்கும் முகம் இல்லை.

கீழே விசில் பறந்தது. பையன்கள் இதற்காகவே வந்தவர்கள். பக்கத்து ஊர்களில் முந்தின வாரமே ஓடிவிட்டிருந்தது. ஒருவன் இருட்டில் மாடியைப் பார்த்துச் சத்தமாகக் கேட்டான்: "ஏய் திரெக், உங்க அம்மா இப்படித்தான் குளிப்பாட்டினாங்களா?"

அந்தத் துண்டு முடிவதாக இல்லை. மேயர் தொண்டையைச் செருமினார். செனியோ எழுந்து ஆபரேட்டர் அறைக்கு ஓடினான். ஆபரேட்டர், மணிலாவிலிருந்து வந்த பெட்டியில் இருந்ததைத்தான் ஓட்டுகிறேன் என்றான். அது உண்மைதான். தணிக்கைச் சீட்டு வாங்கிய பிறகு இப்படித் துண்டு சேர்த்து மாகாணங்களுக்கு அனுப்புவது எல்லாக் கம்பெனிகளிலும் நடப்பதுதான். செனியோவுக்கும் தெரியும். தன் படத்தில் நடக்கும் என்று மட்டும் அவனுக்குத் தோன்றியிருக்கவில்லை.

அம்மா எழுந்திருக்கவில்லை. படம் முடிந்து விளக்கு போட்ட பிறகுதான் எழுந்தாள். திருவிழா வீடு, விருந்தாளிகள் வந்தால் திருப்பி அனுப்ப முடியாது. எல்லோருக்கும் பன்சித் நூடுல்ஸ் பரிமாறினாள், கறி போதுமா என்று கேட்டாள். எல்லோரும் போன பிறகு செனியோவைக் கூப்பிட்டாள்.

"அந்தப் பொண்ணு யாரு?"

"தெரியாதும்மா. நான் எடுக்கலை."

"உன் படத்துல நீ எடுக்காம எப்படி வரும்?"

செனியோ சொல்லப் பார்த்தான். அம்மா கையைக் காட்டி நிறுத்தினாள்.

"உங்க அப்பா அப்படி வந்தப்போகூட ஊர்ல ஒருத்தன் என்னை ஒரு பேச்சு பேசினதில்ல," என்றாள் அம்மா. அதற்குப் பிறகு சாகும் வரைக்கும் அவள் அவனிடம் மழை, நெல், பேத்தி எல்லாவற்றையும் பற்றிப் பேசினாள். சினிமா என்ற சொல்லை மட்டும் எடுக்கவில்லை. அந்தத் திருவிழாவுக்குப் பிறகு கிணற்றடிக்கும் போகவில்லை. பக்கத்து வீட்டுப் பெண் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

மணிலாவுக்குத் திரும்பியதும் மேதிங் நேராக உடுப்பு அறைப் பெட்டியைத் திறந்தாள். இரண்டாவது ஜோடி இருந்தது. யாரோ துவைத்து, அவள் மடிக்காத விதத்தில் மடித்து வைத்திருந்தார்கள். அதைத் தூக்கிக்கொண்டு தம்பியோடு அமாதோவின் அறைக்குப் போனாள். அமாதோ குழந்தை இயேசு சிலைக்குப் பூ வைத்துக்கொண்டிருந்தார்.

"உக்காரு பாரே. மேதிங், நீயும் உக்காரு."

"அந்தத் துண்டை எடுக்கச் சொல்லுங்க பாரே," என்றான் செனியோ. நின்றுகொண்டேதான் சொன்னான்.

"எடுத்தா எந்தக் கொட்டகைக்காரன் வாங்குவான்? உன் படத்துல ஒரு அடிகூட நான் தொடலை. நடுவுல கொஞ்சம் சேர்த்தேன். அவ்வளவுதானே?"

"அது எங்கம்மா."

"உங்கம்மா முகமா தெரியுது? யார் முகமும் தெரியக் கூடாதுன்னு நானே சொல்லித்தான் எடுக்கச் சொன்னேன். அந்த மரியாதை எனக்குத் தெரியாதா பாரே?"

மேதிங் ரவிக்கையை மேசைமேல் போட்டாள். "இந்த ஒட்டு தெரிஞ்சுது பாஸ். ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்சுது."

அமாதோ ரவிக்கையைப் பார்த்தார். அவர் முகம் கொஞ்சம் மாறியது. "அது எனக்குத் தெரியாது மேதிங். பெட்டியில இருந்ததை எடுத்துக் குடுத்திருக்கானுங்க. சத்தியமா," என்றார். உண்மையாகத்தான் சொன்னார். பிறகு செனியோவிடம், "இருக்கிற பிரதியெல்லாம் தெற்கே ஓடிட்டிருக்கு. இந்த ஒரு சுத்து முடியட்டும், பாக்கலாம். கிளாரிசாவுக்கு இருமல்னு ஃபெலி சொன்னாளே, தேவலையா?" என்று கேட்டார்.

செனியோ, தேவலை என்றான்.

தணிக்கைக் குழுவிடம் ஒரு புகார் கொடுத்தால் போதும். பிரதிகளைப் பிடித்துவிடுவார்கள், அமாதோவை உள்ளேயும் வைத்துவிடுவார்கள். அப்போது ராணுவச் சட்டக் காலம். இயக்குநர் சங்கத்துக்காரர்கள் இரண்டு பேர் வீட்டுக்கே வந்து, நாங்களும் வருகிறோம் என்றார்கள். ஃபெலி அவர்களுக்குக் காபி கொடுத்துவிட்டு, அவர்கள் எதிரிலேயே கேட்டாள்: "குழந்தையோட ஞானத்தகப்பனை ஜெயில்ல போட்டுட்டு, நாளைக்கு அவகிட்ட என்ன சொல்லுவே? கோவில்ல எந்த முகத்தை வச்சுக்கிட்டு நிக்கறது?"

செனியோ புகார் கொடுக்கவில்லை. அமாதோவிடம் இன்னொரு தடவை போய், மாகாணப் பிரதியில் தன் பேரையாவது எடுத்துவிடச் சொல்லிக் கேட்டான். பேரை எடுத்தால் உன் ஊர் மறந்துவிடுமா என்று அவர் கேட்டார். அடுத்த படத்தை ஆரம்பிக்கச் சொன்னார். செனியோ ஆரம்பித்தான்.

மேதிங் வேலையை விட்டுவிட்டாள். பள்ளிக்கூடச் சீருடை தைத்துப் பிழைத்தாள். தம்பி மாதம் ஒரு தடவை வருவான். சுருள்களைப் பற்றி அவள் கேட்பாள். இந்தச் சுற்று, அடுத்த சுற்று என்று அவன் சொல்வான். ஒரு நாள் ஒப்பனைக்காரி ஒருத்தி சொல்லி மேதிங்குக்கு ஒன்று தெரியவந்தது. வேறொரு புது இயக்குநர் எடுத்த படத்துக்கு மாகாணத் துண்டு எடுக்க ஆள் கிடைக்காமல், அமாதோ செனியோவைக் கேட்டிருக்கிறார். செனியோ ஒரு பிற்பகலில் எடுத்துக் கொடுத்திருக்கிறான்.

"நெஜமா தோத்தோ?"

"நெஜம்தான்."

"படம் எடுத்த அந்தப் பையனோட அம்மா உயிரோட இருக்காளா?"

செனியோ மிஷின் பக்கத்தில் கிடந்த சீருடைத் துணியை மடித்தான். "வெளிச்சம் மட்டும் படத்தோட வெளிச்சத்துக்குப் பொருந்துற மாதிரி வச்சேன்," என்றான். அதைச் சொல்லும்போது அவன் குரலில் தொழில்காரனின் திருப்தி கொஞ்சம் இருந்தது. மேதிங் அன்றைக்குத் தையல் மிஷினிலிருந்து தலை தூக்கவில்லை.

காலம் போயிற்று. அம்மா போனாள். கொட்டகைகள் சந்தைக்கடைகளாக மாறின. செனியோ வீடியோ படங்கள் எடுத்தான், பிறகு தொலைக்காட்சித் தொடர்கள், பிறகு எதுவும் இல்லை. கிளாரிசாவை நர்ஸ் படிப்பு படிக்கவைத்தது அமாதோதான். அவர் செத்தபோது அவள் கனடாவிலிருந்து வந்து பெற்ற தகப்பனுக்கு அழுவதுபோல அழுதாள். செனியோ சவப்பெட்டியின் முன்பக்கம் தோள் கொடுத்தான். கம்பெனிக் கிடங்கில் தண்ணீர் புகுந்து படச்சுருளெல்லாம் ஒட்டிப் பாகாகிவிட்டதாக அந்த இழவு வீட்டில்தான் யாரோ சொன்னார்கள். செனியோ தலையாட்டிக் கேட்டுக்கொண்டான். படம் இனி இல்லை என்று அக்கா தம்பி இருவரும் மனதைத் தேற்றிக்கொண்டார்கள். ஒருவிதத்தில் நிம்மதி என்றுகூட மேதிங் நினைத்தாள்.

செனியோவுக்கு எழுபத்துநாலு வயதில், ஜோவி என்ற பெண் தேடிக்கொண்டு வந்தாள். பழைய படங்களைக் காப்பாற்றி வைக்கும் வேலை அவளுக்கு. தெற்கே மூடிப்போன ஒரு கொட்டகையில் 'ஆலை ஓய்ந்த மாதம்' ஒரு பிரதி அகப்பட்டிருக்கிறது; நன்றாகவே இருக்கிறது; உலகத்தில் இருக்கும் ஒரே பிரதி அதுதான்.

"மாகாணப் பிரதி," என்றான் செனியோ.

"ஆமா திரெக். அந்தத் துண்டு உள்ளேயே இருக்கு. எங்களால அதை எடுத்துட முடியும். ஆனா ஒரு சிக்கல். நீளம் சரிக்கட்டறதுக்காக யாரோ உங்க கிணத்தடிக் காட்சியில பாதியை வெட்டிட்டாங்க. அந்தப் பாதி கிடைக்கலை. துண்டை எடுத்தா அங்க ஒரு குதி குதிக்கும். எடுக்கிறதா விடுறதான்னு நீங்கதான் சொல்லணும். முதல்ல ஒரு தடவை எங்க சின்ன அரங்குல, மாணவர்களோட உக்காந்து பாருங்க."

வழியெல்லாம் மேதிங் சொல்லிக்கொண்டே வந்தாள். "குதிச்சா குதிக்கட்டும். அவ தண்ணியைத் தொட்டுப் பாக்கிறா, ஊத்துறா. அது போதும். அந்த அசிங்கத்தை எடுக்கச் சொல்லு. இத்தனை வருஷத்துல இன்னிக்குத்தான் உன்னை ஒருத்தர் கேக்கிறாங்க."

"எடுக்கத்தான் போறேன் மானாங். இதுல யோசிக்க என்ன இருக்கு?" என்றான் செனியோ.

படம் ஓடியது. மாணவர்கள் சத்தமே போடாமல் பார்த்தார்கள். கிணற்றடி வந்தபோது மேதிங் கண்ணை மூடிக்கொண்டாள். யாரும் விசிலடிக்கவில்லை. முடிந்ததும் கைதட்டினார்கள். ஜோவி கேள்வி இருந்தால் கேட்கச் சொன்னாள். கண்ணாடி போட்ட ஒரு பையன் எழுந்தான்.

"திரெக், அந்தக் கிணத்தடிக் காட்சியைப் பத்தித்தான். முதுகு தேய்க்கிறப்போ திடீர்னு முகமே இல்லாத ரெண்டு உடம்பைக் காட்டுறீங்க. புருஷன் அங்க அந்த இன்னொருத்தியோட இருந்ததை மனைவி கற்பனை பண்றா. ஆனா அந்த இன்னொருத்திக்குத் தன்னோட உடுப்பையே மாட்டிவிடுறா. ஒட்டுப் போட்ட அதே ரவிக்கை. அந்தக் காலத்துல இப்படி ஒரு யோசனை உங்களுக்கு எப்படி வந்துச்சு?"

அரங்கில் பலர் தலையாட்டினார்கள். ஒரு பெண் குனிந்து எழுதிக்கொண்டாள். ஜோவி செனியோவைப் பார்த்தாள்; அவளுக்கு உண்மை தெரியும். அவன் என்ன சொல்கிறானோ அதுவே இருக்கட்டும் என்பதுபோல் பேசாமல் நின்றாள். மேதிங் தம்பியின் கையை அழுத்தினாள்.

செனியோ மைக்கை வாங்கினான். எழுதிக்கொண்டிருந்த பெண்ணைப் பார்த்தான். பிறகு, "நல்லாப் பாத்திருக்கே தம்பி. நன்றி," என்றான்.

வெளியே வந்து டாக்சிக்கு நிற்கும்போது மேதிங் கேட்டாள்.

"ஏன் அப்படிச் சொன்ன?"

"வேற என்ன சொல்லட்டும்? பாரே செத்துட்டாரு. கிளாரிசா இதையெல்லாம் இன்டர்நெட்டுல பாக்கிறா."

"அவ பாக்கட்டும். எடுக்கச் சொல்லிட்டியா? ஜோவிகிட்ட சொல்லிட்டியா?"

செனியோ ரோட்டைப் பார்த்தபடி நின்றான். "விட்டுடச் சொல்லிட்டேன் மானாங்."

"என்னது?"

"இருபத்தாறு படம். யாராவது ஒருத்தன் எழுந்து, இந்த இடத்தை எப்படி யோசிச்சேன்னு என்கிட்ட கேட்டிருக்கானா? இன்னிக்குத்தான் கேட்டான். அதை எடுத்துட்டா மிச்சம் என்ன இருக்கு? பாதிக் கிணத்தடியும் ஒரு குதியும்."

"அது அமாதோவோட இடம் தோத்தோ. உன்னோடது இல்ல."

"தெரியும்," என்றான்.

பெரிய அரங்கில் படத்தைப் போட்ட சனிக்கிழமை மேதிங் போகவில்லை. முழங்கால் வலி என்று சொல்லி அனுப்பினாள். ஃபெலி புது உடுப்பில் போனாள். கிளாரிசா பூங்கொத்து அனுப்பியிருந்தாள். பேப்பரில் செனியோவின் படம் போட்டிருந்தார்கள், பேருக்கு முன்னால் 'மேதை' என்றும் சேர்த்திருந்தார்கள். மேதிங் அதைக் கத்தரித்து எடுக்கக் கத்தரிக்கோலை எடுத்தாள். கொஞ்ச நேரம் கையில் வைத்திருந்துவிட்டு, பேப்பரை அப்படியே மடித்து வைத்தாள்.

சாயங்காலம் அவன் போன் செய்தான். பின்னால் ஒரே கூட்டச் சத்தம்.

"மானாங், அரங்கம் நிரம்பிடுச்சு. நின்னுக்கிட்டுப் பாத்தாங்க. கைதட்டினாங்க."

"எந்த இடத்துல?" என்று கேட்டாள் மேதிங்.

அந்தப் பக்கம் கூட்டச் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. அவன் போனை வைக்கவும் இல்லை. அவளும் வைக்கவில்லை.